நிரம்பாத தொட்டி

அந்தக் கதவைத் தட்டாதீர்கள் டீச்சர். ஆள் இல்லை. இரண்டு பேரும் பெரியாஸ்பத்திரியில் இருக்கிறார்கள். நீங்கள் வெயிலில் நின்று தட்டிக்கொண்டே இருந்தீர்கள், பார்த்துக்கொண்டு உள்ளே இருக்க முடியவில்லை, அதுதான் வந்தேன். மற்றபடி நான் வெளியே வருகிற ஆள் இல்லை. புதிதாக யாராவது வந்தால் கதவுக்குப் பின்னால் நின்றுதான் பேசுவேன். சிலிண்டர் போட வருகிறவர் என்னைப் பார்த்து, "வீட்ல பெரியவங்க யாரும் இல்லியா பாப்பா?" என்று கேட்டிருக்கிறார். இடுப்பில் பிள்ளையை வைத்துக்கொண்டு நிற்கிறேன், என்னைப் பாப்பா என்கிறார்.

உள்ளே வாருங்கள். அந்த நாற்காலி வேண்டாம், கால் உடைந்தது. இதில் உட்காருங்கள். தண்ணீர் குடிக்கிறீர்களா? பயப்படாமல் குடிக்கலாம், கேன் தண்ணீர். அடுப்பில் கஞ்சி வைத்திருக்கிறேன், அது குழைகிற வரைக்கும் எனக்கு வேறு வேலை இல்லை. ஆஸ்பத்திரிக்குக் கொடுத்துவிடத்தான். ஜெனிட்டாவுக்கு. நீங்கள் தட்டினீர்களே, அந்த வீட்டுப் பெண். எட்டாம் மாசம். மஞ்சள் காமாலை முற்றிப்போய் நேற்றிலிருந்து கண்ணே திறக்கவில்லை என்கிறார்கள். அவள் பிழைப்பாளா, வயிற்றில் இருப்பது பிழைக்குமா, டாக்டர் வாயைத் திறக்கவில்லையாம். கண் திறந்தால் பசிக்கும் இல்லையா? அதற்குத்தான் கஞ்சி.

சரி, நீங்கள் கேளுங்கள். கணக்கெடுப்புதானே? என் பெயர் சுகன்யா. வீட்டுக்காரர் தணிகைவேல், கம்பெனி பஸ் ஓட்டுகிறார். மகள் கனிஷ்கா, மூன்று முடிந்து நாலு நடக்கிறது. உள்ளே தூங்குகிறாள். நான் ஏழாவது படித்தேன். எட்டாவதில் பத்து நாள் போனேன், அதைச் சேர்க்க முடியுமா? முடியாதா. சரி.

மூன்று பேர்தான் டீச்சர். மாடியிலா? அது வாடகைக்கு விட்டது. வடக்கத்தி ஆட்கள், கம்பெனியில் வேலை செய்கிறார்கள். அவர்களை அவர்கள் ஊரில் எண்ண மாட்டார்களா? இங்கேயே தனியாக எழுத வேண்டுமா? அப்படியானால் சாயங்காலம் வந்து அவர்களையே கேளுங்கள். எனக்கு அவர்கள் பெயர்கூடத் தெரியாது. எங்கள் வீட்டுக்கு மூன்று.

ஜெனிட்டா வீட்டில் எத்தனை பேர் என்றா கேட்கிறீர்கள்? அதைக் கடைசியில் கேளுங்கள் டீச்சர்.

குடிதண்ணீர் எங்கிருந்து வருகிறது. ஒரு வரியில் கேட்டுவிட்டீர்கள். ஐப்பசியிலிருந்து இந்தச் சித்திரை வரைக்கும் நான் பட்டதெல்லாம் அந்த ஒரு வரிதான். சொன்னால் எழுதிக்கொள்வீர்களா? கவர்மெண்டுக்குப் போகிற காகிதம்தானே இது. அப்படியானால் நான் சொல்கிறேன், நீங்கள் எழுதுங்கள். எங்கள் போர் தண்ணீரைக் கெடுத்தது கிழக்குப் பக்கத்து வீட்டு இசக்கியம்மா. அவர்கள் கக்கூஸ் தொட்டி. அதை எழுதுங்கள் முதலில்.

எழுத அதில் இடம் இல்லையா? கேட்கவாவது செய்யுங்கள்.

நாங்கள் வந்தபோது இந்த வர்ஷினி நகரில் ஏழு வீடு. அதற்கு முன்னால் இது கழனி. மனைக்கல் நட்டு, கொடி கட்டி, டெம்போ வைத்துக் கூட்டி வந்து காட்டினார்கள். கல்லுக்கும் கல்லுக்கும் நடுவில் நெல் தானாக முளைத்துக் கிடந்தது டீச்சர். நான் அதை மிதிக்காமல் தாண்டித் தாண்டி நடந்தேன், இவர் சிரித்தார். பின்னால் ஏரி. ஏரிக்குத் தண்ணீர் வருகிற கால்வாயைத்தான் தூர்த்து முப்பதடி ரோடு போட்டிருக்கிறார்கள், நீங்கள் வண்டியில் வந்தீர்களே, அந்த ரோடு. அது எங்களுக்கு அப்போது தெரியாது. ரோடு அகலமாக இருக்கிறதே என்று சந்தோஷப்பட்டோம்.

அறுபது அடியில் தண்ணீர் வந்தது. போர் போட்ட அன்று நான் முகத்தைக் கழுவிவிட்டு அப்படியே குடித்தேன். இனிப்புத் தண்ணீர். இப்போது இந்தத் தெருவில் மட்டும் நாற்பத்தோரு வீடு. நாற்பத்தோரு போர், நாற்பத்தோரு தொட்டி. மனை இருபதடி அகலம். ஒவ்வொரு வீட்டுக்கும் மேலே ஒரு மாடி, மாடிக்கு மேலே ஒரு தகரம். ஒருவருக்கும் இது சொந்த ஊர் இல்லை. எங்களுக்குச் சேத்துப்பட்டுப் பக்கம். இசக்கியம்மாவுக்குத் தென்காசி. ஜெனிட்டாவுக்குத் தூத்துக்குடி. பொங்கலுக்குத் தெருவே காலியாகும், நாய்கள்தான் படுத்திருக்கும். அப்புறம் திரும்பி வரும்போது ஒவ்வொருவரும் கூடவே தம்பியையோ மச்சானையோ கூட்டிக்கொண்டு வருவார்கள், கம்பெனியில் ஆள் எடுக்கிறார்கள் என்று.

இந்தத் தெருவில் பாதி வீடு கன்னியப்பன் மேஸ்திரி கட்டியது. நல்ல மனுஷன். சாஸ்திரம் தப்ப மாட்டார். போர் என்றால் ஈசானி மூலை, அதாவது வடகிழக்கு. கக்கூஸ் தொட்டி என்றால் வாயு மூலை, வடமேற்கு. நூல் பிடித்த மாதிரி எல்லா வீட்டுக்கும் அப்படித்தான். நீரோட்டம் பார்க்கிறவர் வந்து உள்ளங்கையில் தேங்காயை வைத்துக்கொண்டு மனை முழுக்க நடந்தார். எங்கள் மனையில் தேங்காய் ஈசானி மூலையில் எழுந்து நின்றது. இசக்கியம்மா மனையிலும் ஈசானி மூலையில்தான் நின்றது. ஜெனிட்டா வீட்டில் வேதக்காரர்கள், வாஸ்து பார்க்கிறதில்லை. அங்கேயும் தேங்காய் ஈசானி மூலையில்தான் நின்றது. ஜெனிட்டா சொல்வாள், "அக்கா, அந்தத் தேங்காய்க்கு வேற மூலையே தெரியாது போல." அவளுக்கு எதையும் கேலி செய்யவேண்டும்.

எங்கள் போர் அதோ, அந்த ஈசானி மூலையில், சுவர் ஓரம். சுவருக்கு அந்தப் பக்கம் என்ன இருக்கிறது தெரியுமா? இசக்கியம்மாவின் வாயு மூலை. அவர்கள் தொட்டி. நடுவில் ஒரே ஒரு செங்கல் சுவர், நாலரை இஞ்ச். ஒரு கை இங்கே வைத்தால் இன்னொரு கையால் அவர்கள் மூடியைத் தொடலாம். இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும் டீச்சர்?

ஐப்பசியில் நாலு நாள் மழை. கால்வாய் இருந்த இடத்தில் ரோடு இருக்கிறது, தண்ணீர் எங்கே போகும்? தெருவில் முழங்கால் அளவு நின்றது. ஏரிக்குப் போகத் தெரியாமல் வீட்டுக்குள் வந்தது. ஐந்தாம் நாள் வடிந்ததும் மோட்டார் போட்டேன். தண்ணீர் பார்க்கத் தெளிவாகத்தான் இருந்தது. கிட்டே கொண்டுபோனால் ஒரு வாடை. என்ன வாடை என்று எனக்குத் தெரியும், ஆனால் வாயால் சொல்ல மனசு வரவில்லை. வடிகட்டிக் குடித்தோம். மூன்றாம் நாள் கனிஷ்காவுக்கு வாந்தி, வயிற்றுப்போக்கு. தூக்கினால் துணி மாதிரி தொங்கினாள். அந்த மழைக்காலத்தில் மட்டும் மூன்று தடவை குளுக்கோஸ் ஏற்றினோம். மூன்றாவது தடவை ஊசி குத்த நரம்பு கிடைக்காமல் தலையில் குத்தினார்கள். நர்ஸ் கேட்டது, "என்ன தண்ணிம்மா குடுக்குறீங்க புள்ளைக்கு?" எனக்கு அழுகைதான் வந்தது.

எங்கள் தொட்டியா? எங்கள் தொட்டியில் ஒரு குறையும் இல்லை டீச்சர். நல்ல தொட்டி. நாலு வருஷமாக ஒரு தடவைகூட நிரம்பவில்லை. இந்தத் தெருவில் எல்லோரும் வருஷத்துக்கு இரண்டு தடவை அந்த நாற்றம் பிடித்த லாரியைக் கூப்பிடுகிறார்கள். நாங்கள் கூப்பிட்டதே இல்லை. மேஸ்திரி அப்போதே சொன்னார், "அடியில பூசாம மண்ணா வுட்டுட்டா அதும்பாட்டுக்கு பூமி இழுத்துக்கும்மா. நாளைக்கு உங்களுக்குப் பொறக்குற புள்ள கல்யாணத்துக்குக்கூட லாரி கூப்புட வேணாம்." அவர் சொன்ன மாதிரியே ஆயிற்று. இசக்கியம்மா வீட்டுக்குத்தான் மூன்று மாசத்துக்கு ஒரு தடவை லாரி. மொத்தம் பதினாலு பேர் அந்த வீட்டில். இரண்டு மகன்கள், மருமகள்கள், பிள்ளைகள், கொழுந்தன் குடும்பம். அவ்வளவு சின்ன மனையில் பதினாலு பேர் இருந்தால் தொட்டி நிரம்பத்தானே செய்யும்? நிரம்பினால் கசியத்தானே செய்யும்?

கார்த்திகையில் ஒருநாள் காலை லாரி வந்து அவர்கள் வாசலில் நின்றது. அன்றுதான் கனிஷ்காவை ஆஸ்பத்திரியிலிருந்து கூட்டி வந்திருந்தோம், தலையில் பிளாஸ்திரியோடு. எனக்கு என்ன வந்ததோ தெரியவில்லை. என் வாழ்க்கையில் நான் கத்தியது அன்று ஒருநாள்தான். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தெருவில் போய் நின்று, "உங்க பீயத்தான் என் புள்ளை குடிக்குது" என்று சொல்லிவிட்டேன். தெருவே வெளியே வந்துவிட்டது.

இசக்கியம்மா இடுப்பில் கை வைத்துக்கொண்டு வந்தார்கள். பெரிய உருவம். "ஏ பிள்ள, வாய் பேசாத பிள்ளைன்னுல்லா நெனச்சேன். இங்க வா." என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்த் தொட்டி ஓரத்தில் நிறுத்தினார்கள். லாரிக்காரர் அப்போதுதான் உறிஞ்சி முடித்திருந்தார். "குனிஞ்சு பாரு. மூக்கப் பொத்திக்கிட்டுப் பாரு. அடியில சிமெண்டு தெரியுதா? நாலு பக்கமும் பூசியிருக்கா? எங்கண்ணன் நின்னு பூசுனது. அதனாலதான் நெறயுது. நெறஞ்சா லாரி வருது. ஒந்தொட்டி கத என்ன? மாடில பகல் ஷிப்ட்டுக்கு ஒம்பது, ராத்திரி ஷிப்ட்டுக்கு ஒம்பது, ஒரே பாயில மாறி மாறிப் படுக்கானுவ. பதினெட்டு ஆம்பள. அதுக்கு மேல நீங்க மூணு பேரு. நாலு வருசமா ஒரு லாரி வந்திருக்கா ஒன் வாசலுக்கு? அவ்வளவும் எங்கட்டி போவுது?"

எல்லோரும் சிரித்தார்கள் டீச்சர். லாரிக்காரர்கூடச் சிரித்தார். "கஸ்டமரே இல்லாத வீடு அது" என்றார். நான் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு உள்ளே ஓடிவந்து கதவைச் சாத்திக்கொண்டேன்.

நீங்களே சொல்லுங்கள். வீட்டில் இருக்கிற ஆம்பளைகளை நடுத்தெருவில் வைத்து எண்ணுவார்களா? பொறாமை. அவர்கள் மாடியில் வாடகைக்கு ஆள் இல்லை. சிமெண்ட் தெரிந்தது, நான் இல்லை என்று சொல்லவில்லை. ஓரத்தில் எங்காவது வெடிப்பு இருக்காதா? நான் ஒரு நிமிஷம்தானே பார்த்தேன்? அதுவும் கண்ணில் தண்ணீரோடு.

அன்று மத்தியானம் மேற்குப் பக்கத்துச் சுவருக்கு மேலே ஒரு குடம் வந்தது. அதற்குக் கீழே இரண்டு கை. அந்தப் பக்கம் வளையல் சத்தம். "அக்கா, புடிங்க, கை வலிக்கி." அப்படித்தான் ஜெனிட்டா எனக்குப் பழக்கம். அதற்கு முன்னால் ஆறு மாசம் பக்கத்தில் இருந்தும் நாங்கள் பேசியதில்லை. "எங்க போர் தண்ணி நல்லாயிருக்குக்கா. பாப்பாவுக்கு இத குடுங்க. நீங்க இன்னிக்கு நல்லாக் கத்தினீங்க. அந்தக் குரல வச்சிக்கிட்டு ஏன் இத்தன நாளா பேசாம இருந்தீங்க?"

அன்றிலிருந்து தினமும் காலை இரண்டு குடம். நான் சுவருக்கு இந்தப் பக்கம், அவள் அந்தப் பக்கம். முகம் தெரியாமல் பேசுவது எனக்குச் சுலபமாக இருந்தது. ஊரில் என்ன சாப்பிடுவார்கள், கிருபாகரன், அதாவது அவள் வீட்டுக்காரர், தூங்கும்போது என்ன உளறுவார், எல்லாம் சொல்வாள். கடல் பார்த்திருக்கிறீர்களா அக்கா என்று கேட்டாள். இல்லை என்றேன். பிள்ளை பிறந்ததும் கூட்டிக்கொண்டு போகிறேன் என்றாள். கனிஷ்காவுக்கு உடம்பு தேறியது. கன்னத்தில் சதை வந்தது. என் பிள்ளை உயிரோடு இருப்பது அந்தக் குடத்தால்தான்.

அவள் சுவர் ஓரம் ஒரு வாழை வைத்திருந்தாள். அவள் போருக்குப் பக்கத்தில். நாங்கள் தொட்டி வைத்திருக்கிற மூலைக்கு நேராக. "தண்ணியே ஊத்தலக்கா, பாருங்க எப்படி வளந்திருக்குன்னு" என்பாள். உண்மைதான். யானைக்கால் மாதிரி தண்டு. ஒரு தார் போட்டது, பாதியை எனக்குக் கொடுத்தாள். அவ்வளவு ருசி.

மாசியில் அவளுக்கு ஆறாம் மாசம். இவர்தான் சொன்னார், "மாசமா இருக்குற பொண்ணு குடம் தூக்குது, நீ வாங்கிக்குற, வெக்கமா இல்லியா?" என்று. அதிலிருந்து எங்கள் வீட்டுக்குக் கேன் தண்ணீர். கிருபாகரனையும் கேன் போடச் சொன்னார் இவர். ஜெனிட்டா சிரித்தாள். "எங்க வீட்டுக் கெணறு ஊருக்கே தண்ணி குடுக்கு, நாங்க எதுக்கு கேன் வாங்கணும்?" போரைக் கிணறு என்றுதான் சொல்வாள். எனக்கும் அது சரி என்றுதான் பட்டது. அந்தத் தண்ணீரை நாலு மாசம் என் பிள்ளை குடித்திருக்கிறாளே, ஒன்றும் ஆகவில்லையே.

பங்குனி கடைசியில் வாந்தி எடுக்க ஆரம்பித்தாள். "எனக்கு ஒன்பது மாசமும் வாந்திதான்" என்று நான் தைரியம் சொன்னேன். சித்திரை பிறந்த அன்று சுவருக்கு மேலே எட்டிப் பார்த்தாள். "அக்கா, என் கண்ணப் பாருங்களேன்." மஞ்சள். சாமந்திப் பூ மாதிரி. ஆனால் எங்கள் ஊரில் இதற்கு ஆஸ்பத்திரிக்குப் போகமாட்டார்கள். கீழாநெல்லி அரைத்து வெறும் வயிற்றில் கொடுத்தால் இறங்கிவிடும். இந்தக் கல்லும் மண்ணும் கிடக்கிற இடத்தில் கீழாநெல்லிக்கு எங்கே போவது என்று கேட்கிறீர்களா? எங்கள் தொட்டி ஓரம் தழைத்துக் கிடக்கிறது டீச்சர். கோடையிலும் வாடாது. நானே பறித்து, நானே அரைத்து, அவள் போர் தண்ணீரிலேயே கரைத்து, சுவருக்கு மேலே டம்ளரை நீட்டினேன். கசக்குது என்றாள். பிள்ளைக்காகக் குடி என்றேன். ஐந்து நாள் காலையில் கொடுத்தேன். நான்காம் நாளே கால் வீங்கிவிட்டது. கிருபாகரன் ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றார். "இன்னும் ரெண்டு வேளை பாக்கி இருக்கு தம்பி" என்று நான்தான் சொன்னேன். ஆறாம் நாள் டம்ளரை நீட்டினேன், வாங்குகிற கை வரவில்லை.

இன்றைக்கு எட்டு நாள் ஆஸ்பத்திரியில்.

நேற்றுக் கிருபாகரன் துணி எடுக்க வந்தார். நாலு நாள் தாடி. கேட்டுக்கு வெளியே நின்றே கேட்டார். "அக்கா, டாக்டர் ஒண்ணு கேட்டாங்க. குடிக்கிற போர் பக்கத்துல செப்டிக் டேங்க் இருக்கான்னு. எங்களது அந்தக் கோடில இருக்கு. உங்களது எந்தப் பக்கம்க்கா?"

நான் சொன்னேன், எங்களுடையது நிரம்பினதே இல்லை தம்பி, எல்லாம் அந்த இசக்கியம்மா வீட்டுத் தொட்டிதான் என்று. அவர் கொஞ்ச நேரம் இசக்கியம்மா வீட்டைப் பார்த்தார். நடுவில் எங்கள் வீடு இருக்கிறது. எங்களைத் தாண்டித்தானே அவர்கள் வீட்டுக்குப் போக வேண்டும்? தண்ணீருக்கு என்ன, பூமிக்கு அடியில் எப்படி வேண்டுமானாலும் போகும். அவர் தலையாட்டிவிட்டுப் பையை எடுத்துக்கொண்டு போனார். இவரிடம் சொன்னேன். "இசக்கியம்மாவோட இன்னொரு சண்டை வேணாம், கம்முனு இரு" என்றார். எப்படி டீச்சர் கம்மென்று இருப்பது? அங்கே அவள் கண் மூடிக் கிடக்கிறாள். யாரையாவது கேட்க வேண்டாமா? யாராவது பதில் சொல்ல வேண்டாமா?

இது என்ன, படம் வரைகிறீர்களா? இதுதான் எங்கள் தெருவா? கட்டம் கட்டமாக இருக்கிறதே. இது நாங்கள். இது இசக்கியம்மா. இது ஜெனிட்டா. மேலே அம்பு போட்டிருக்கிறீர்களே, அது வடக்கா? அப்படியானால் சரி. அவர்கள் தொட்டியையும் ஒரு புள்ளி வைத்துவிடுங்கள் டீச்சர். வீடு மட்டும்தான் வரைய வேண்டுமா? பென்சிலில்தானே வரைகிறீர்கள், அப்புறம் அழித்துக்கொள்ளுங்கள். பெரிய ஆபீசர் யாராவது பார்த்தால் தெரிய வேண்டும் இல்லையா? கொடுங்கள், நானே வைக்கிறேன். எனக்கு வரையத் தெரியும். ஏழாவதில் இந்தியா மேப் நான்தான் போர்டில் வரைவேன்.

இது அவர்கள் தொட்டி, வாயு மூலை. இது எங்கள் போர், ஈசானி மூலை. பார்த்தீர்களா, எவ்வளவு கிட்டே? நடுவில் ஒரு கோடுதான்.

இது எங்கள் தொட்டி. வாயு மூலை. இந்தப் பக்கம். மேஸ்திரி எல்லோருக்கும் ஒரே மாதிரிதான் வைப்பார்.

ஜெனிட்டா போர் ஈசானி மூலை. அப்படியென்றால் இங்கே.

இரண்டு புள்ளியும் ஒன்றாகிவிட்டது டீச்சர். பென்சில் மழுங்கி இருக்கிறது. கொஞ்சம் சீவித் தருகிறீர்களா?

சீவியும் அப்படித்தான் வருகிறது.

இருங்கள். எழுந்திருக்காதீர்கள். அடுப்பை அணைத்துவிட்டு வருகிறேன்.

ஒன்று சொல்கிறேன். இவருக்குக்கூடத் தெரியாது. தொட்டி கட்டின அன்று இவர் டியூட்டிக்குப் போயிருந்தார். அடியில் பூசுவதற்கென்று சிமெண்ட் மூட்டை இறக்கி வைத்துவிட்டுத்தான் போனார். மேஸ்திரி வந்து என்னைக் கேட்டார், "அடி பூசணுமாம்மா, மண்ணா வுட்டுடட்டுமா? வுட்டா உங்களுக்குத்தான் நல்லது." எனக்குப் புரியவில்லை. மண்ணாக விட்டால் அதெல்லாம் எங்கே போகும் என்று கேட்கவேண்டும் என்று வாய் வரைக்கும் வந்தது. ஆம்பளையிடம் போய்க் கக்கூஸ் தண்ணீரைப் பற்றி எப்படிக் கேட்பது? கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டு தலையாட்டினேன். அவ்வளவுதான். ஒரே ஒரு தடவை. மிச்சமான சிமெண்டில் எனக்கு ஒரு துணி துவைக்கிற கல் போட்டுக்கொடுத்தார். அதோ இருக்கிறதே, அதுதான். தெருவில் வேறு யார் வீட்டிலும் அப்படி வழவழப்பாக இல்லை. ஜெனிட்டா வந்தால் அதில்தான் உட்காருவாள், வயிறு இருக்கிறதால் கீழே உட்கார முடியாது என்று.

அன்று நான் கேட்டிருந்தால் மேஸ்திரி ஒன்றும் கோபித்துக்கொண்டிருக்க மாட்டார். நல்ல மனுஷன்தான்.

இல்லை டீச்சர். இசக்கியம்மா தொட்டியில் வெடிப்பு இருக்கும். கட்டாயம் இருக்கும். மழைக்கு எந்தச் சிமெண்ட் நிற்கும்? நீங்கள் படித்தவர், நீங்களே சொல்லுங்கள், இருக்கும் இல்லையா?

ஏன் பையை எடுக்கிறீர்கள்?

சரி, கிளம்புங்கள். இன்னும் எத்தனை வீடு இருக்கிறதோ. நானும் இந்தக் கஞ்சியை எடுத்துக்கொண்டு போக வேண்டும். நானே போகிறேன், யாரிடமும் கொடுத்துவிடவில்லை. பஸ் மாறிப் போக வேண்டும், வார்டு எங்கே என்று கேட்க வேண்டும். கேட்பேன். கிருபாகரன் நேற்றுக் கேட்டதற்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை. எந்தப் பக்கம் என்றுதான் அவர் கேட்டார். நிரம்பியதா என்று கேட்கவில்லை.

ஜெனிட்டா வீட்டுக்கு எத்தனை பேர் என்று கேட்டீர்களே. மூன்று என்று எழுதுங்கள். பிறக்காததை எழுதக்கூடாதா? அப்படியானால் இரண்டு. இரண்டுக்குக் குறைத்து மட்டும் எழுதிவிடாதீர்கள். இல்லை, இன்று எழுதவே வேண்டாம், அந்தக் கட்டத்தைக் காலியாக விடுங்கள், நான் போய்ப் பார்த்துவிட்டு வந்து சொல்கிறேன்.

அப்புறம் அந்தப் படம். அந்த இரண்டு புள்ளிகளையும் நான் அழிக்கச் சொல்லவில்லை. இருக்கட்டும். நடுவில் ஒரு கோடு இருக்கிறதே டீச்சர், எங்களுக்கும் ஜெனிட்டாவுக்கும் நடுவில், அந்தச் சுவர். அதை மட்டும் கொஞ்சம் தடிமனாகப் போடுங்கள்.